பலவேசம் கார் மீட்கப் போனது

“கார் எங்க மச்சான்?” என்று செண்பகராமன் கேட்டுப் பத்து நிமிஷம் ஆகிவிட்டது. பலவேசம் இன்னும் டீயை ஆற்றிக்கொண்டிருந்தான்.

கார் செண்பகராமனுடையது. குடித்துவிட்டு அதை ஓட்டிப் போலீஸில் மாட்டிவிட்டது அவன் பொண்டாட்டியின் அண்ணன் பலவேசம். நாளைக் காலை ஆறு மணிக்கு அது உப்புக் கம்பெனி வாசலில் நிற்காவிட்டால் வருஷ வாடகை ஒப்பந்தம் அடுத்த ஆளுக்குப் போய்விடும். அடுத்த ஆள் லூர்துசாமி பக்கத்திலேயே உட்கார்ந்து வடை தின்றுகொண்டிருந்தான். ஆர்.சி. புத்தகத்தையும் கையெழுத்துப் போட்ட கடிதத்தையும் கொடுத்து, “நீங்க மாட்டிவிட்டதை நீங்களே மீட்டுட்டு வாங்க” என்று மச்சானை அனுப்பியது செண்பகராமன் செய்த தப்பு.

“முதல்ல பிடிச்ச கதையைக் கேளு மாப்ள. நான் போன வேகத்துல என் ஹாரன் சத்தமே பின்தங்கிப் போச்சு. பிடிபட்டு அரை மணி கழிச்சுத்தான் அது மூச்சு வாங்க வந்து சேந்துச்சு.”

“எவ்வளவு குடிச்சிருந்தீரு?” என்றான் லூர்துசாமி.

“ரெண்டு மூடி. கோர்ட்ல ஜட்ஜய்யா என்னைப் பாத்ததும் பேனாவை வச்சுட்டாரு. ‘இந்த மூஞ்சியவா பிடிச்சிய’ன்னு அழுதாரு பாரு, ஃபைலெல்லாம் நனைஞ்சு, வக்கீலுங்க கொடி கட்டிக் காயப்போட்டாங்க. காயுறதுக்குள்ள கேஸ் முடிஞ்சுபோச்சு.”

“அபராதம்?”

“கட்டுனேன். அவங்க மனசு சங்கடப்படக் கூடாதுல்லா.”

சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து நீட்டினான். வண்டியை விடச் சொல்லும் ஆர்டர். கோர்ட் சீல் இருந்தது. செண்பகராமனுக்குக் கொஞ்சம் தெம்பு வந்தது.

“ஸ்டேஷன் பின்னால நானூறு வண்டி மாப்ள. எல்லாத்துலயும் வேப்பங்கன்னு முளைச்சுக் கிடக்கு. நான் ஒரு தடவை செருமுனேன். நம்ம வண்டி தானா ஸ்டார்ட் ஆகி, மேல கிடந்த லாரியை உதறிப் போட்டுட்டு ஓடிவந்து என் முழங்கால்ல முட்டிச்சு. மத்ததெல்லாம் வைப்பரை ஆட்டி வழியனுப்புது. ஒரு புல்டோசரு என் கையைப் பிடிச்சுக்கிட்டு விடவே இல்ல.”

“ஓடிவந்த வண்டி எங்க?”

பலவேசம் கிளாஸைக் கீழே வைத்தான். “நாளைக்குப் பத்து மணிக்கு மேல வரச் சொல்லிட்டாங்க.”

லூர்துசாமி கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். “உப்புக் கம்பெனில வண்டி நிறுத்துறது முன்வாசலா, பின்வாசலா?”

செண்பகராமன் அவன் பக்கம் திரும்பவில்லை. “சீல் வச்ச ஆர்டர் இருக்கு. ஏன் தரல?”

“கோர்ட்ல முடிஞ்ச சந்தோசத்துல ஸ்டேஷனுக்குப் போற வழியில ஒரு இடத்துல உக்காந்தேன்.”

“மச்சான்.”

“ஏட்டையா போன வாரமே சொல்லித்தான் விட்டாரு மாப்ள. வண்டி எடுக்க வர்ற அன்னைக்காவது குடிக்காம வாய்யான்னு.”