வாளைக்குடியில் பேரைக் கொடுத்த ஜெர்மன்காரர்

ஞானப்பிரகாசம் எப்படி வாளைக்குடிக்குத் தலைவர் ஆனார் என்று கேட்டால், பேர்தான் காரணம். ஞானமும் பிரகாசமும் ஒரே ஆளிடம் இருக்கும்போது வேறு ஆளை எதற்குத் தேட வேண்டும் என்று ஊர் ஒருமனதாக முடிவு செய்துவிட்டது.

அந்த ஊரில் எல்லாமே அப்படித்தான். பேருக்கு என்ன அர்த்தமோ அதுதான் ஆளுக்கு வேலை. விருந்து என்றால் அன்னபூரணிதான் சமைக்க வேண்டும். அந்தம்மா வைக்கிற சாம்பாரை மாடுகூட மோந்து பார்த்துவிட்டு நகர்ந்துவிடும், அது வேறு விஷயம். வீட்டுக்குள் பாம்பு புகுந்தால் சிரஞ்சீவியைக் கூப்பிடுவார்கள். சாவே கிடையாது என்று பேரிலேயே இருக்கிறதே! பாவம், அவன் எப்போது பார்த்தாலும் கையில் ஒரு கட்டோடுதான் திரிவான்.

ஊருக்கு முன்னால் பெரிய ஏரி. ஏரிக்கு அந்தப் பக்கம் நெட்டூர். சந்தை, பஸ், ஆஸ்பத்திரி எல்லாம் அங்கேதான். வாளைக்குடிக்கு இருந்தது ஒரே ஒரு படகு, அது சயனப்பெருமாளுடையது. படுத்திருக்கும் சாமியின் பேரை வைத்துக்கொண்டு ஒருவர் படகு ஓட்டுவது ஊர் வழக்கத்துக்கு ஒவ்வாதுதான். ஆனால் அப்பா விட்டுப்போன படகு என்பதால் போனால் போகிறது என்று விட்டிருந்தார்கள்.

அந்தப் படகைத்தான் ஞானப்பிரகாசம் பந்தயத்தில் வைத்துவிட்டு வந்தார். சந்தையில் நெட்டூர்க்காரர்களோடு வாய்ச்சண்டை. உங்கள் ஆட்களுக்குத் துடுப்புப் பிடிக்கத் தெரியுமா என்று அவர்கள் கேட்க, இவருக்கு ரோஷம் வந்துவிட்டது. வாளைக்குடிக் கரையில் கிளம்பி நெட்டூர்க் கரையை யார் முதலில் தொடுகிறார்களோ அவர்களுக்கு மற்ற ஊரின் படகு. பேச்சு முடிந்தது.

சேதி கேட்டு சயனப்பெருமாள் ஓடி வந்தார். "அண்ணே, அது என் படகு. அது போச்சுன்னா என் வீட்டு அடுப்புல பூனைதான் படுத்துக் கிடக்கும்."

"தோத்தாத்தானப்பா போகும்?"

"தோக்க மாட்டோம்னு எப்படிச் சொல்றீங்க?"

"சொல்றது யாரு? என் பேர் என்ன?"

சயனப்பெருமாள் தலையை ஆட்டிவிட்டுப் படகைத் துடைக்கப் போனார். பேர் அப்படி.

அன்று மாலையே துடுப்புப் போட ஆள் எடுக்க ஊர் கூடியது. "மலைச்சாமி வேணாம், மலையை ஏத்தினா படகு முழுகிரும்" என்றார் ஒருவர். "சாந்தலிங்கம் பந்தயத்துக்கு ஆவானா? அவன் சாந்தமா உட்கார்ந்துடுவான்" என்றார் இன்னொருவர். சயனப்பெருமாளை ஏற்றினால் பாதி ஏரியில் படுத்துவிடுவார் என்று எல்லாருக்கும் ஒரே பயம். கடைசியில் பார்த்தால் ஊரில் துடுப்புப் போடத் தோதான பேர் ஒன்றுகூட இல்லை.

இந்த நேரம் பார்த்து வந்து சேர்ந்தார் ஒரு ஜெர்மன்காரர். ஏரியில் பறவை பார்க்க வந்த நெட்டை மனிதர். அவர் நாட்டில் துடுப்புப் படகுப் போட்டியில் பெரிய சாம்பியனாம். சென்னையில் வேலை பார்த்தபோது தமிழ் படித்தவர் என்பதால், புத்தகத்தைத் திறந்து வாசிப்பது போலப் பேசுவார்.

"ஐயா, உங்க பேர் என்ன?" என்றார் ஞானப்பிரகாசம்.

"என் பெயர் லியோன்ஹார்ட்."

"அர்த்தம்?"

"சிங்கம் போல் உறுதியானவன் என்று பொருள்."

கூட்டம் மூச்சுவிட மறந்தது. சிங்கம்! அதிலும் உறுதியான சிங்கம்! அப்புறம் இவர் சாம்பியன் ஆகாமல் வேறு யார் ஆவார்?

நல்ல மனிதர் அவர். பந்தய விஷயத்தைக் கேட்டதும் சயனப்பெருமாளின் முகத்தைப் பார்த்து இரங்கிவிட்டார். படகின் விளிம்பில் துடுப்பு மாட்டக் கொண்டி அடித்து, தங்கள் நாட்டு முறையைக் கற்றுக்கொடுத்தார். அங்கே துடுப்புப் போடுகிறவர்கள் போகிற திசைக்கு முதுகைக் காட்டித்தான் உட்காருவார்களாம். கிளம்பிய கரையைப் பார்த்துக்கொண்டே துடுப்பை மார்புக்கு இழுக்க வேண்டும். வாளைக்குடிக்கு இது மிகவும் பிடித்துப்போனது. போகிற இடத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டியதில்லையே!

"கழுத்தைத் திருப்பாதீர்கள்" என்றார் லியோன்ஹார்ட். "நெட்டூர்ப் படகு உங்கள் கண்ணுக்குத் தெரிகிறவரை நீங்கள் முன்னால் இருக்கிறீர்கள். அதைக் கண்ணை விட்டு மறைய விடாதீர்கள்."

எல்லாரும் மனப்பாடம் செய்துகொண்டார்கள். பிறகு ஞானப்பிரகாசம் கைகூப்பி நின்றார். "ஐயா, வித்தை சரி. ஆனா எங்க பேருங்க எதுவும் உதவாது. பந்தயம் முடியுற வரைக்கும் உங்க பேரைக் குடுத்துட்டுப் போறீங்களா?"

அவர் விழுந்து விழுந்து சிரித்தார். "தாராளமாக எடுத்துக்கொள்ளுங்கள்!"

அதுதான் அவர் செய்த தப்பு. அந்த நிமிஷத்திலிருந்து துடுப்புக்காரர்கள் ஆறு பேரும் லியோன்ஹார்ட் ஆனார்கள். சயனப்பெருமாள்கூட லியோன்ஹார்ட்தான், அவரையும் ஏற்றிக்கொண்டார்கள். ஜெர்மன்காரருக்குத்தான் பேர் இல்லாமல் போனது.

அடுத்த நாள் மத்தியானம் எல்லாரும் சாப்பிட உட்கார்ந்தார்கள். ஜெர்மன்காரர் மட்டும் வேப்பமரத்தடியில் காத்துக்கொண்டே இருந்தார்.

"அவரைக் கூப்பிடலையா?" என்றான் சிரஞ்சீவி.

"என்னன்னுடா கூப்பிடுறது?" என்றார் அன்னபூரணி கரண்டியோடு. "லியோன்ஹார்ட்னு கூப்பிட்டுப் பார்த்தேன். நீங்க ஆறு பேரும்தான் வந்து உட்கார்ந்தீங்க."

ஜெர்மன்காரர் அன்றைக்குப் பட்டினி. அந்தச் சாம்பாரிலிருந்து தப்பித்தார் என்றும் சொல்லலாம்.

மறுநாள் ஒத்திகையில் சிரஞ்சீவியின் துடுப்பு கைநழுவித் தண்ணீரில் விழுந்தது. சுக்கான் பிடித்திருந்த ஞானப்பிரகாசம், "லியோன்ஹார்ட், குதிச்சு எடு!" என்று கத்தினார். ஆறு பேரும் குதித்தார்கள். தலைவர் மட்டும் காலிப் படகில் காற்று போன பக்கம் போய், நாணலுக்குள் செருகிக்கொண்டு நின்றார். எல்லாரும் சொன்னபடி கேட்டதில் அவருக்கு ஒரே பெருமை.

பந்தயத்தன்று அவருக்கு ஒரு சந்தேகம் வந்தது. "ஆறு பேரும் அந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருக்கீங்க, நான் ஒருத்தன் மட்டும் இந்தப் பக்கம் பார்த்தா ஊருக்குள்ள ஒத்துமை இல்லைன்னு ஆயிடாதா?"

நியாயம்தான் என்று எல்லாரும் சொல்ல, அவரும் திரும்பி உட்கார்ந்துகொண்டார். கரையிலிருந்து ஜெர்மன்காரர் கையை ஆட்டி, "வேண்டாம்! ஒருவராவது முன்னால் பாருங்கள்!" என்று அலறினார்.

"யாரோ என்னமோ சொல்றாங்க" என்றான் சிரஞ்சீவி.

"யாரு?"

"பேர் தெரியலை."

"பேர் தெரியாதவங்க சொல்றதையெல்லாம் எப்படிக் கேக்கிறது?" என்று சொல்லிவிட்டார் ஞானப்பிரகாசம்.

கொடி இறங்கியது. நம்பவே மாட்டீர்கள், வாளைக்குடிப் படகு பறந்தது! வித்தை நல்ல வித்தை, சயனப்பெருமாளின் கையும் நல்ல கை. நெட்டூர்ப் படகு பின்தங்கி, சின்னதாகி, கடைசியில் புள்ளியாகிவிட்டது. நெட்டூர்க் கரை இவர்கள் முதுகுக்குப் பின்னால் கூப்பிடு தூரத்தில் இருந்தது. இன்னும் நாலு இழுப்பு இழுத்தால் போதும்.

"ஐயையோ!" என்றான் சிரஞ்சீவி. "நெட்டூர்ப் படகு மறையுது!"

ஞானப்பிரகாசத்துக்கு வேர்த்துவிட்டது. "கண்ணை விட்டு மறைய விடக் கூடாதுன்னாரே! நிறுத்துங்கடா!"

துடுப்பை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார்கள். நெட்டூர்ப் படகு மெல்லப் பெரிதானது. "இப்ப நல்லாத் தெரியுது, ஜெயிச்சுட்டு இருக்கோம்" என்றார் சயனப்பெருமாள், நிம்மதியாக. அது பக்கத்தில் வந்தது. இன்னும் நன்றாகத் தெரிந்தது. பிறகு அவர்களைத் தாண்டி, முதுகுப் பக்கம் போய், சுத்தமாகக் காணாமல் போனது.

"போச்சே! என் படகு போச்சே!" என்று சயனப்பெருமாள் தலையில் அடித்துக்கொண்டார்.

"கழுத்தைத் திருப்பாதே!" என்று அதட்டினார் ஞானப்பிரகாசம். "கழுத்தைத்தான் திருப்பக் கூடாதுன்னார். படகைத் திருப்பக் கூடாதுன்னாரா?"

படகைத் திருப்பினார்கள். என்ன ஆச்சரியம், நெட்டூர்ப் படகு மறுபடியும் கண்ணெதிரே! அதிலிருந்து பார்வையை எடுக்காமல் உயிரைக் கொடுத்து இழுத்தார்கள். அவ்வளவு வேகமாக வாளைக்குடியார் அதுவரை போனதே கிடையாது. கரையில் முட்டியதும் குதித்து இறங்கி, ஜெயித்துவிட்டோம் என்று ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள்.

அன்னபூரணி இடுப்பில் கைவைத்து நின்றார். "எதையாச்சும் மறந்து வச்சிட்டுப் போயிட்டீங்களா?"

ஜெர்மன்காரர் மணலில் உட்கார்ந்து தலையைக் கையில் பிடித்துக்கொண்டிருந்தார்.

சற்று நேரத்தில் நெட்டூர்க்காரர்கள் படகைக் கொண்டுபோக வந்துவிட்டார்கள். சயனப்பெருமாள் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதார். "நாளைக்கு நான் எதை ஓட்டுவேன்? என் பிள்ளைங்களுக்கு என்னத்தைப் போடுவேன்?" பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கெல்லாம் கண் கலங்கியது.

ஞானப்பிரகாசம் தொண்டையைக் கனைத்தார். "பந்தயத்துல படகைத்தானே வச்சோம்? படகோட பேரை வச்சோமா?"

நெட்டூர்க்காரர்கள் விழித்தார்கள். முன்பக்கத்தில் 'கரைசேர்த்தாள்' என்று எழுதிய பலகை ஒன்று அடித்திருந்தது. "அதை வச்சு நாக்கு வழிச்சுக்கோங்க" என்று பிடுங்கி எறிந்துவிட்டுப் படகோடு போனார்கள்.

அன்றிரவு வாளைக்குடி நிம்மதியாகத் தூங்கியது. காலையில் ஏரிக்கரை மணலில் சயனப்பெருமாள் வீட்டுக் கயிற்றுக் கட்டில் கிடந்தது. அதன் தலைமாட்டில் பலகையை அடித்திருந்தார்கள். துடுப்புகளை இரண்டு பக்கமும் கட்டியிருந்தார்கள்.

முதல் சவாரி ஜெர்மன்காரர். அவர் நெட்டூர் போய் பஸ் பிடிக்க வேண்டும். பேரை மரியாதையாகத் திருப்பிக் கொடுத்து, கட்டிலின் நடுவில் உட்காரவைத்தார்கள். அவர் இரண்டு கையாலும் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டார். பேசிப் பயனில்லை என்று தெரிந்துகொண்டிருப்பார். எல்லாரும் ஏரிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, கழுத்தைத் திருப்பாமல், மணலில் துடுப்பைப் போட்டு வேர்க்க விறுவிறுக்க இழுத்தார்கள். பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு சயனப்பெருமாள் காலைக் கீழே விட்டுத் தொட்டுப் பார்த்தார். மணல்!

"கரை வந்தாச்சு!" என்று கத்தினார். "பேர் பொய் சொல்லலை அண்ணே! பழைய படகுல காத்தடிச்சா எவ்வளவு ஆட்டம்! இதுல பாருங்க, ஒரு சொட்டுத் தண்ணி உள்ள வரலை!"

ஜெர்மன்காரரைக் கைத்தாங்கலாக இறக்கிவிட்டு, பையையும் எடுத்துக் கொடுத்து, சயனப்பெருமாள் அக்கறையோடு சொன்னார்: "ஐயா, திரும்பி வாளைக்குடிக்கு வரணும்னா சாயங்காலம் இதே இடத்துல நில்லுங்க. நான் வந்து கூட்டிட்டுப் போறேன்."