தக்காளி ஜாடி வாய் மூடிய கதை

பானைக்கும் பழத்துக்கும் பேச்சு இருந்த அந்தக் காலத்தில், பாலக்கோட்டுப் பக்கம் மாதம்மாள் வீட்டில் ஒரு பீங்கான் ஜாடி இருந்தது. உடம்பு வெள்ளை, தோள் பழுப்பு. வேலை என்று ஒன்றும் கிடையாது. காதில் விழுந்த குரலையெல்லாம் அப்படியே திருப்பிப் பேசுவதுதான் அதன் பிழைப்பு.

“ஏ மாதம்மா, மோரு கொண்டா” என்று அவள் புருஷன் எல்லப்பன் குரலில் கூப்பிடும். அவள் சொம்போடு வாசலுக்கு ஓடினால் அங்கே ஆளிருக்காது, கோழிதான் நிற்கும். அவள் திரும்பி முறைத்தால், அந்தக் கோழியின் குரலில் கெக்கெக்கே என்று சிரிக்கும்.

“உன் வாய்க்கு ஒருநாள் இருக்குடா” என்பாள். அதையும் அவள் குரலிலேயே அவளுக்குத் திருப்பிச் சொல்லும்.

அந்தப் பங்குனியில் கிணறு வற்றிவிட்டது. செடிகள் சாவதற்கு முன் கடைசியாகக் காய்த்த ஒரு கூடைத் தக்காளியை மாதம்மாள் பறித்து வந்தாள். ஆடி மாதம் களிக்குத் தொட்டுக்கொள்ள வீட்டில் வேறொன்றும் இருக்காது. ஆனால் அந்தக் காலத்தில் தக்காளிக்கு ஆயுசு மூன்று நாள்.

“எனக்கு ஆடி மாசத்தைப் பார்க்கணும்” என்றது தக்காளி.

ஜாடிக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. எல்லப்பன் குரலில் கேலி செய்தது. “நாலாம் நாளையே பார்த்ததில்ல, இதுக்கு ஆடி மாசம் கேக்குது.”

“வழி இருக்கு, வலிக்கும்” என்றது பக்கத்துச் சட்டியில் இருந்த உப்பு.

“வலிக்கட்டும்.”

மாதம்மாள் தக்காளியை நாலாக அரிந்து உப்பில் பிசிறினாள். மறுநாள் சாற்றைப் பிழிந்து வைத்துவிட்டு, துண்டுகளைப் பாயில் பரப்பினாள். பகல் முழுக்க வெயில் உறிஞ்சியது. சாயங்காலம் மறுபடி அதே சாற்றில் போட்டாள். அந்தக் காந்தலில் தக்காளி முனகியது. ஜாடி அந்த முனகலை ஏற்ற இறக்கத்தோடு முனகிக் காட்டியது.

“நான் இப்படியா அழுவுறேன்?” என்று தக்காளி வலியோடு சிரித்துவிட்டது. “இன்னொரு தடவை செய்.”

இரண்டாம் நாள், மூன்றாம் நாள். காலையில் மாதம்மாள் கை நீட்டும்போது தக்காளி ஒரு நாளும் பின்வாங்கவில்லை. சாறு முழுவதையும் குடித்து, தோல் சுருங்கி, நான்காம் நாள் காலையிலும் அது சிவப்பாகவே இருந்தது. அன்றைக்கு ஜாடி யார் குரலிலும் பேசவில்லை. இவ்வளவு வலியைச் சிரித்துக்கொண்டே தாங்கிய ஒன்றை அது பார்த்ததேயில்லை.

மிளகாய்த்தூள், வெந்தயப்பொடி சேர்த்து, காய்ச்சி ஆறவைத்த நல்லெண்ணெய் ஊற்றி, தக்காளியை அந்த ஜாடியிலேயே போட்டாள் மாதம்மாள். ஜாடிக்குப் பெருமை பிடிபடவில்லை. வெளியே நடப்பதையெல்லாம் உள்ளே இருப்பவனுக்குக் கேட்க வேண்டாமா? காக்கை சண்டை, எல்லப்பன் கொட்டாவி, எருமையின் இருமல் எல்லாம் நடித்துக் காட்டியது. தக்காளி சிரித்துச் சிரித்து எண்ணெயில் உருண்டது.

ஜாடிக்குள் போன ஐந்தாம் நாள் மேலாக வெள்ளைப் பூசணம் பூத்தது. மாதம்மாள் முகம் செத்துவிட்டது. கெட்டதை வழித்து எறிந்தாள், பாதிதான் மிஞ்சியது. “இன்னொருக்கா பூத்தா அவ்வளவுதான்” என்று புதிதாக எண்ணெய் ஊற்றிவிட்டுப் போனாள்.

“என்னடா ஆச்சு?” என்றது ஜாடி, மாதம்மாள் குரலில்.

தக்காளி தயங்கியது. “நீ பேசும்போதெல்லாம் உன் மூச்சோட ஈரம் உள்ளே இறங்குது.”

“முன்னாலேயே சொல்ல வேண்டியதுதானே?”

“சொன்னா பேசமாட்டியே. இருட்டுல எனக்கு வேற என்ன இருக்கு?”

ஜாடி வாயடக்கிப் பார்த்தது. அந்த நேரம் பார்த்துக் கூரையில் காக்கை கரைந்தது. பதிலுக்கு ஒரு ‘கா’ கழுத்துவரை வந்துவிட்டது. தானாக வாயை மூடிக்கொண்டிருக்கத் தன்னால் முடியாது என்று அதற்குத் தெரிந்தது.

“அம்மா, என் வாயைக் கட்டிடு.”

மாதம்மாள் சுற்றுமுற்றும் பார்த்தாள். அது எல்லப்பன் குரலில்லை, கோழி குரலில்லை, யார் குரலும் இல்லை. அந்த வீட்டில் அதுவரை யாருமே கேட்டிராத குரல். பேசியது ஜாடிதான் என்று தெரிந்ததும், புருஷனின் பழைய வேட்டியைக் கிழித்து, அதன் வாயைக் கட்டினாள்.

ஆடியில் மழை இறங்கியது. களி கிண்டி வைத்து, ஈரக்கையைத் துடைத்துவிட்டு, துணியை அவிழ்த்தாள். தக்காளி அதே சிவப்போடு எட்டிப் பார்த்தது.

“இதுதான் ஆடியா? நல்லா இருக்கு” என்றது.

ஜாடி என்ன சொல்லும் என்று மாதம்மாள் காத்திருந்தாள். வெளியே காக்கை நனைந்துகொண்டு கரைந்தது. ஜாடி மூச்சு விடவில்லை. உள்ளே இன்னும் ஊறுகாய் இருந்ததே.

அன்று முதல்தான் ஊறுகாய் ஜாடியின் வாயில் வெள்ளைத் துணி ஏறியது. ஈரக்கையோடு அதன் பக்கம் போனால் வீட்டில் அதட்டுகிறார்கள். காலி ஜாடிக்குள் வாய் வைத்துக் கூப்பிட்டுப் பாருங்கள், உங்கள் குரலிலேயே உங்களைக் கேலி செய்யும். ஊறுகாய் இருக்கும்போது மட்டும் என்ன கூப்பிட்டாலும் பேசாது.