தண்ணீர் எங்கே போகிறது என்று கேட்ட முள்ளெலி

யவன நாட்டில், ஆலிவ் மரங்கள் நிறைந்த ஒரு குன்றின் அடியில் ஒரு குளம் இருந்தது. குளத்தில் தவளைகளும் நீர்க்கோழிகளும் நண்டுகளும் வாழ்ந்தன. குன்றிலிருந்து முயலும் ஆமையும் முள்ளெலியும் தண்ணீர் குடிக்க வரும். எல்லோருக்கும் தலைவர் ஒரு நாரை.

குளக்கரைக்குள் யாரும் யாரையும் தின்னக் கூடாது என்பது அங்கே சட்டம். நாரையாருக்குப் பசித்தால் ஆற்றுக்குப் பறந்து போய் வயிற்றை நிரப்பிக்கொண்டு வருவார். சட்டத்தை மீறினார் என்று அவர்மேல் ஒரு சொல் கிடையாது. கரையைத் தாண்டிவிட்டால் அவரவர் பாடு.

கரையில் ஒரு பெரிய நிழல் மரம் நின்றது. நகரத்து மனிதர்கள் சிலர் அதன் அடியில் வந்து உட்கார்ந்து பொழுது சாயும்வரை பேசுவார்கள். உலகம் எதனால் ஆனது என்று ஒருவர் ஆரம்பிப்பார். தண்ணீரால் என்பார் இன்னொருவர். இல்லை, நெருப்பால் என்பார் பக்கத்தில் இருப்பவர். எல்லாமே எண்கள்தான் என்று சொல்லி ஒருவர் மணலில் கோடு கிழிப்பார். அவர்களில் ஒருவர் மட்டும் எதையும் சொல்ல மாட்டார். நீங்கள் சொன்னதற்கு என்ன பொருள் என்று மற்றவர்களைக் கேட்டுக்கொண்டே இருப்பார். முகம் சிவக்கச் சண்டை போட்டுவிட்டு, போகும்போது தோளில் கை போட்டுச் சிரித்தபடி போவார்கள்.

மர வேரடியில் குடியிருந்த முள்ளெலி பிறந்தது முதல் இதைக் கேட்டுக் கேட்டு வளர்ந்தது. கடைசியில் அந்த வியாதி அதற்கும் தொற்றிக்கொண்டது.

தாங்கள் நன்றாகப் பாடுகிறோம் என்று தவளைகள் ஒருநாள் பெருமை பேசின. நன்றாக என்றால் என்ன என்று முள்ளெலி கேட்டது. தவளைகள் அன்று முழுவதும் யோசித்துக்கொண்டே இருந்ததில் பாடவே மறந்துவிட்டன. குளத்தில் எல்லோரும் நிம்மதியாகத் தூங்கியது அன்று ஒருநாள்தான். ஆமை தன் பொறுமையைப் பற்றிச் சொன்னபோது, வேகமாக ஓட முடியாதவன் மெதுவாக நடப்பதற்குப் பொறுமை என்று பெயரா என்று முள்ளெலி கேட்டது. ஆமை தலையை ஓட்டுக்குள் இழுத்துக்கொண்டது. கோபத்தில் இல்லை, யோசிக்கத்தான்.

மரத்தடியில் முள்ளெலியைச் சுற்றிக் கூடும் கூட்டத்தின் ஓரத்தில் கர்க்கினி என்ற இளம் நண்டு உட்கார்ந்திருப்பாள். நண்டுகள் சேற்றில் வளை தோண்டி வாழும் இனம். மரத்தடியில் நடப்பது அவர்கள் காதுக்கு எட்டுவதே இல்லை. அந்த இனத்தில் அங்கே வந்து உட்கார்ந்த முதல் நண்டு கர்க்கினிதான். தன்மேல் சேற்று வாடை அடிக்கிறதோ என்று அவளுக்குக் கூச்சம். தப்பாக ஏதாவது சொல்லிவிட்டால் நண்டு இனத்துக்கே கெட்ட பெயர் வந்துவிடும் என்று வாயைத் திறக்கவே மாட்டாள்.

ஒருநாள் முள்ளெலி அவள் பக்கம் திரும்பிக் கேட்டது. "தங்கச்சி, நீ பக்கவாட்டில் நடக்கிறாய் என்று எல்லோரும் சொல்கிறோம். ஒருவேளை நீ நேராக நடந்து, நாங்கள்தான் பக்கவாட்டில் நடக்கிறோமோ?"

நீர்க்கோழிகள் விழுந்து விழுந்து சிரித்தன. முள்ளெலி சிரிக்கவில்லை. அவள் பதிலுக்காகக் காத்திருந்தது. அதுவரை கர்க்கினியின் பதிலுக்காக யாரும் காத்திருந்ததில்லை.

"தெரியவில்லை அண்ணா," என்றாள் மெதுவாக.

"எனக்கும் தெரியவில்லை. தனியாக இருந்தேன், இப்போது இரண்டு பேர் ஆகிவிட்டோம்," என்றது முள்ளெலி சந்தோஷமாக.

அந்தக் கோடையில் குளத்து நீர் மளமளவென்று இறங்கத் தொடங்கியது. எந்தக் கோடையிலும் அப்படி இறங்கியதில்லை. நாரையார் கூட்டம் கூட்டினார். குளத்தைக் காக்கும் நீர்த்தேவதைக்கு யார்மேலோ கோபம், அதனால்தான் தண்ணீர் போகிறது என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். முள்ளெலி மட்டும் எழுந்து, தேவதைக்குக் கோபம் வந்தால் தண்ணீர் எங்கே போகும் என்று கேட்டது. அவளே குடித்துவிடுவாளா, இல்லை எங்காவது கொண்டுபோய் ஊற்றுவாளா? ஊற்றினால், அந்த இடம் எங்கே?

நாரையார் அலகைத் திறந்தார். மறுபடியும் மூடிக்கொண்டார். குட்டித் தவளைகள் களுக்கென்று சிரித்துவிட்டன. நாரையாரின் கால்கள் எப்போதும் சிவப்புதான். அன்று கழுத்தும் சிவந்தது.

மறுநாளே அவர் ஓடு போடும் சபையை அறிவித்தார். அது அந்தக் குளத்தின் பழைய வழக்கம். ஒருவரால் குளத்துக்குக் கேடு என்று தோன்றினால் எல்லோரும் ஆளுக்கொரு நத்தை ஓட்டோடு கூடுவார்கள். போக வேண்டும் என்பவர்கள் ஓட்டை அவர் காலடியில் போடுவார்கள். இருக்கட்டும் என்பவர்கள் மரத்தடியில் போடுவார்கள். காலடிக் குவியல் பெரிதானால் அவர் குளத்தை விட்டே போய்விட வேண்டும். அந்த வெயிலில் ஆறு போய்ச் சேரும்வரை வழியில் ஒரு சொட்டுத் தண்ணீர் கிடையாது. முள்ளெலியின் குட்டைக் காலுக்கு அது சாவுத் தண்டனைதான்.

தேவதையைக் கேள்வி கேட்கிறான், தலைப்பிரட்டைகளின் மனதைக் கெடுக்கிறான் என்பவை முள்ளெலியின் மேல் குற்றங்கள். குளமெங்கும் இதே பேச்சு. அவன் வாயால்தான் கெட்டான் என்றன நீர்க்கோழிகள். ஆமைகூட ஓட்டுக்குள் தலையை இழுத்துக்கொண்டது.

அந்தக் கேள்வி கர்க்கினியின் மண்டைக்குள் புகுந்துகொண்டு வெளியே வர மறுத்தது. தண்ணீர் எங்கே போகிறது? போனால் ஏதோ ஓர் இடத்துக்குத்தானே போக வேண்டும்? உள்ளே யாருக்கும் தெரியவில்லை என்றால் வெளியே யாரையாவது கேட்க வேண்டும். பயத்தோடு கரையைத் தாண்டி அந்தப் பக்கம் இறங்கினாள்.

அங்கே ஓர் உடைந்த பெரிய சாடிக்குள் ஒரு நாய் குடியிருந்தது. அதற்குச் சொந்தம் என்று எதுவும் கிடையாது, எதுவும் வேண்டவும் வேண்டாம். சபையில் உனக்கு ஓர் இடம் தருகிறேன் என்று நாரையார் ஒருமுறை அழைத்தார். அங்கே வந்தால் உங்களைப் பார்த்து வாலாட்ட வேண்டும், என் வால் எனக்கு ஈ ஓட்டத் தேவைப்படுகிறது என்று சொல்லிவிட்டது. ஊரில் யாருக்கும் பயப்படாத நாய் அது. முள்ளெலிக்கு அதுதான் உயிர்த் தோழன்.

தண்ணீரைப் பற்றிக் கர்க்கினி கேட்டதும் நாய் கொட்டாவி விட்டது. "தண்ணீர் போவதைப் பற்றி எனக்கென்ன தெரியும், பெண்ணே? வருவதைப் பற்றிக் கேள், சொல்கிறேன். ஊரெல்லாம் வெயிலில் காய்கிறது. என் சாடிக்கடியில் மட்டும் மழைக்காலம். படுத்தால் வயிறு நனைகிறது."

கர்க்கினி சுற்றிப் பார்த்தாள். குன்று முழுவதும் புல் கருகிக் கிடந்தது. சாடியைச் சுற்றி மட்டும் பச்சைப் பசேலென்று இருந்தது. ஈர மண்ணைக் காலால் தடவிக்கொண்டே கரையை நோக்கிப் போனாள். புல்லுக்குள் ஒரு துளை மறைந்திருந்தது. அதிலிருந்து தண்ணீர் இடைவிடாமல் ஓடிக்கொண்டிருந்தது. உள்ளே தலையை நீட்டினாள். அந்த மணம் அவளுக்குத் தெரிந்த மணம். அது அவள் வீட்டு மணம்.

கோடை வந்தால் நண்டுகள் ஈரத்தைத் தேடி வளையை நீட்டிக்கொண்டே போகும். இந்த வருடம் கர்க்கினியின் அப்பா மற்றவர்களை மிஞ்சித் தோண்டியிருந்தார். கடைசி அறையில் குளுகுளுவென்று காற்று வருகிறது, எந்த நண்டு வீட்டிலாவது இப்படிக் காற்று உண்டா என்று உறவுக்காரர்களை எல்லாம் அழைத்து வந்து காட்டினார். கரையின் அந்தப் பக்கம்வரை துளைத்துவிட்டதால்தான் காற்று வருகிறது என்று யாருக்கும் தோன்றவில்லை. உள்ளே வந்தது காற்று. வெளியே போனது குளம்.

கர்க்கினி ஓடிப்போய் அப்பாவிடம் சொன்னாள். இதை வெளியே மூச்சுவிடாதே என்றார் அவர். முள்ளெலி போகட்டும், அப்புறம் துளையை நாமே மெல்ல அடைத்துவிடலாம் என்றார்.

"அடைத்ததும் தண்ணீர் நின்றுவிடும் அப்பா. முள்ளெலி போனதால்தான் நின்றது என்று எல்லோரும் நம்புவார்கள்."

"நம்பட்டுமே. சொன்னால் ஓடுகள் நம் வாசலில் விழும். கரைக்கு வெளியே நாரையார் நம்மை என்ன, விருந்துக்கா அழைப்பார்? நாம்தான் விருந்து."

அப்பா சொன்னது பொய் இல்லை. என்ன செய்யலாம், முள்ளெலியிடமே கேட்டுப் பார்ப்போம் என்று மரத்தடிக்குப் போனாள். அங்கே நாய் முள்ளெலியோடு மன்றாடிக்கொண்டிருந்தது. எவருக்காகவும் குளக்கரைக்குள் கால் வைக்காத நாய் அன்று வந்திருந்தது. கர்க்கினி வேருக்குப் பின்னால் நின்றுவிட்டாள்.

"என் முதுகில் ஏறிக்கொள். சபை கூடுவதற்கு முன் ஆற்றங்கரையில் விட்டுவிடுகிறேன்," என்றது நாய்.

"முள்ளோடா?"

"குத்தினால் குத்தட்டும். ஒரு நாள்தானே."

முள்ளெலி ஏறவில்லை. "இந்தத் தண்ணீரைக் குடித்துத்தான் வளர்ந்தேன். இந்த வழக்கத்தை ஒப்புக்கொண்டுதான் நானும் ஓடு போட்டிருக்கிறேன். மற்றவர்களுக்கு வந்தபோது செல்லுபடியான வழக்கம் எனக்கு வரும்போது மட்டும் செல்லாதா? ஓடிப்போனால், என் கேள்வி திருட்டுப் பொருள் என்று நானே ஒப்புக்கொண்டதாகும். அது நல்ல கேள்வி, தோழா. அதை அநாதையாக விட்டுவிட்டு என்னால் ஓட முடியாது."

நாய் வாலைக்கூட ஆட்டாமல் திரும்பிப் போனது. கர்க்கினியும் ஒன்றும் கேட்காமல் திரும்பினாள். கேட்க வந்ததற்குப் பதில் கிடைத்துவிட்டது: ஓடி ஒளியக் கூடாது. அந்தப் பதில் அவளுக்குப் பிடிக்கத்தான் இல்லை.

சபை கூடியது. எல்லோர் வாயிலும் ஓடு. நாரையார் குற்றங்களைச் சொல்லி முடித்து, மன்னிப்புக் கேட்கிறாயா என்றார். முள்ளெலி எழுந்து நின்றது. "தண்ணீர் எங்கே போகிறது என்று இங்கே யாருக்காவது தெரியுமா? தெரிந்தவர் சொன்னால், இத்தனை நாள் தொல்லை கொடுத்ததற்கு மன்னிப்புக் கேட்டுவிடுகிறேன். யாருக்கும் தெரியாது என்றால், நான் கேட்டதில் என்ன தப்பு?"

முதல் ஓட்டைப் போட ஒரு நீர்க்கோழி முன்னால் வந்தது.

கர்க்கினியின் வாயில் நுரை பொங்கியது. கூட்டத்தின் நடுவே அவள் பக்கவாட்டில் நடந்து வந்தாள்.

"எனக்குத் தெரியும். எங்கள் வீட்டு வழியாகப் போகிறது," என்றாள்.

எல்லாவற்றையும் சொன்னாள். காற்று வரும் அறையையும் பச்சைப் புல்லையும் சொன்னாள். அப்பா மறைக்கச் சொன்னதை மட்டும் சொல்லவில்லை. நாரையார் அவள் பேச்சை நம்பாமல், கரைக்கு மேலே பறந்து போய் அந்தப் பக்கம் இறங்கினார். திரும்பி வந்தபோது அவர் கால்கள் நனைந்திருந்தன.

அப்படியானால் துரத்த வேண்டியது நண்டுகளைத்தான் என்று ஒரு தவளை கத்தியது. கூட்டம் முழுவதும் ஓடுகளோடு நண்டு வளைப் பக்கம் திரும்பியது. வாசலில் கர்க்கினியின் அப்பா மற்ற நண்டுகளை முதுகுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டு நின்றார்.

முள்ளெலி நாரையாரிடம் போனது. "தொல்லைக்கு மன்னியுங்கள், நாரையாரே. ஒன்று கேட்கலாமா?"

"இன்னுமா?" என்றார் நாரையார்.

"நண்டுகள் போய்விட்டால் துளையும் அவர்களோடு போய்விடுமா? அது உள்ளே எங்கெங்கே வளைகிறது என்று வேறு யாருக்குத் தெரியும்? இன்னொன்றும் கேட்க வேண்டும். உண்மையைச் சொன்ன நண்டைத் துரத்தினால், அடுத்த கோடையில் உங்களிடம் யார் வந்து உண்மை சொல்வார்கள்?"

நாரையார் ஒற்றைக் காலில் நின்றார். அவர் கர்வம் பிடித்தவர்தான், ஆனால் நியாயம் தெரியாதவர் இல்லை. தன் ஓட்டை எடுத்துப் போய் மரத்தடியில் வைத்தார். பிறகு, நிற்காமல் எல்லோரும் களிமண் கொண்டு வாருங்கள் என்றார்.

தவளைகள் களிமண் உருட்டின. நீர்க்கோழிகள் நாணல் இழுத்து வந்தன. நாய் அந்தப் பக்கமிருந்து மண்ணைப் பறித்துத் தள்ளியது. துளைக்குள் இறங்கியவர் கர்க்கினியின் அப்பா. மகளை அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து உள்ளேயிருந்து அவர் குரல் கேட்டது. "இந்த வளைவுக்கு நல்ல மண்ணாகக் கொடு, கர்க்கினி. தவளைகளுக்கு மண் பார்க்கத் தெரியவில்லை."

பொழுது சாய்வதற்குள் துளை அடைபட்டது. காற்று வரும் அறையும் அதோடு போயிற்று. மழை வரும்வரை தண்ணீர் இறங்கவில்லை.

தவளைகள் முள்ளெலியைச் சூழ்ந்துகொண்டு, குளத்திலேயே பெரிய அறிவாளி நீதான் என்று பாட ஆரம்பித்தன. துளையைக் கண்டுபிடித்தது நண்டுதான், தனக்கு ஒன்றுமே தெரியாது என்று முள்ளெலி எவ்வளவோ சொல்லிப் பார்த்தது.

நாரையாருக்கு அது விளங்கவில்லை. "அப்படியானால் நீ செய்ததுதான் என்ன?" என்று கேட்டார்.

"தெரியாததைத் தெரியாது என்று சொன்னேன். அப்புறம் கேட்டேன். வேறொன்றும் செய்யவில்லை."

நாரையார் சற்று யோசித்து, முள்ளெலியின் பக்கத்தில் உட்கார்ந்தார். இன்னொரு பக்கத்தில் கர்க்கினி, ஓரத்தை விட்டு நடுவே வந்து உட்கார்ந்தாள்.

தெரியாது என்று ஒப்புக்கொண்டு கேள்வி கேட்பவரையும், தன் வீட்டுக்கே பாதகமானாலும் உண்மையைச் சொல்பவரையும் துரத்தாமல் வைத்துக்கொள்ளும் ஊரே பிழைக்கும்.