கொட்டாவிக்கு உரியவர்

முன்னொரு காலத்தில், நாடாண்டது போக அரசர்களுக்கு நேரம் நிறைய மிச்சப்பட்ட காலத்தில், ஓர் அரசருக்குப் பாட்டெழுதும் ஆசை வந்தது. எழுதியதோடு விட்டிருந்தால் யாருக்கும் தொல்லை இல்லை. சபையில் வாசிக்கவும் செய்தார். ஒரு மயில் மழையைத் தேடிப் போகிற நீண்ட பாட்டு அது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வாசித்தார் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

மயில் பாதி வழி போனபோது, அரியணைக்கு அருகில் சாமரம் வீசிக்கொண்டிருந்த மாடக்கண்ணு ஒரு கொட்டாவி விட்டான். இரண்டு கையிலும் சாமரம் இருந்ததால் வாயை மூட வழியில்லை. அரசர் நன்றாகப் பார்த்துவிட்டார்.

அமைச்சர் அனந்தகீர்த்தி உடனே எழுந்தார். "அரசே, கொட்டாவி வாயில் பிறப்பதல்ல, மனத்தில் பிறப்பது. தங்கள் பாட்டின் மேல் இவன் மனத்தில் இருக்கும் அலட்சியம்தான் வெளியே வந்திருக்கிறது" என்றார்.

சபை தலையாட்டியது. முன்வரிசையைப் பார்த்து நடுவரிசை ஆட்டியது, நடுவரிசையைப் பார்த்துப் பின்வரிசை ஆட்டியது. பின்வரிசைக்கு அமைச்சர் பேசியதே காதில் விழவில்லை. ஆட்டுவதற்குக் காது எதற்கு? இத்தனை பேர் ஆட்டினால் விஷயம் உண்மையாகத்தான் இருக்கும் என்று அரசரும் நினைத்துவிட்டார். மறுநாள் பொழுது சாய்வதற்குள் மாடக்கண்ணு குடும்பத்தோடு நாட்டை விட்டுப் போக வேண்டும் என்று உத்தரவு ஆனது.

"பொண்டாட்டி புள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு நான் எங்க போவேன் மகாராசா" என்றான் மாடக்கண்ணு. அப்போதும் அவன் கை சாமரம் வீசுவதை நிறுத்தவில்லை, பாவம்.

விகடகவி செவந்தியப்பனுக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை. "அரசே, அந்தக் கொட்டாவி இவனுடையது அல்ல. கொட்டாவி ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்குத் தாவும். இவன் யாரிடமிருந்தோ வாங்கி விட்டிருக்கிறான்" என்றான்.

அரசர் தன்னோடு சிரிப்பதைவிட இந்தக் கோமாளியோடு அதிகம் சிரிக்கிறார் என்று அனந்தகீர்த்திக்கு நெடுநாளாக வயிற்றெரிச்சல். "அப்படியானால் கொட்டாவிக்கு உரியவரை நாளைக்குச் சாட்சியோடு பிடித்து வரட்டும். முடியாவிட்டால் விகடகவியும் சாமரக்காரனோடு சேர்ந்து எல்லை தாண்டட்டும்" என்றார். கொட்டாவியைத் துரத்திப் பிடிப்பது அரசருக்கு வேடிக்கையாகப் பட்டது. சரி என்றுவிட்டார்.

சபை கலைந்ததும் செவந்தியப்பன் மாடக்கண்ணுவைத் தனியே அழைத்துப் போனான்.

"கொட்டாவி வந்தப்ப யார் மூஞ்சியைப் பாத்துக்கிட்டு நின்ன?"

"ராசா மூஞ்சியைத்தான். வேர்வை தெரிஞ்சா வேகமா வீசணும்ல. வேற பக்கம் திரும்புனா வேலை போயிரும்."

"அப்ப ராசா கொட்டாவி விட்டாரா?"

மாடக்கண்ணு இரண்டு பக்கமும் பார்த்தான். "அதை நான் என் வாயால எப்படிங்க சொல்ல?"

"நீ சொல்ல வேணாம். சபையே சொல்லும்" என்றான் செவந்தியப்பன்.

அந்தச் சபையில் ஒரு வழக்கம் உண்டு. அரசர் கொட்டாவி விட்டால், அவர் ஆயுள் குறையாமல் இருக்க எல்லோரும் விரல் சொடுக்க வேண்டும். வேறு யார் கொட்டாவிக்கும் சொடுக்கக் கூடாது.

மறுநாள் செவந்தியப்பன் வெறுங்கையோடு வந்தான்.

"கொட்டாவி எங்கே?" என்றார் அரசர்.

"என்னிடம்தான் இருக்கிறது அரசே. இப்போது அவிழ்த்துவிடுகிறேன். அது உரியவரைத் தேடிப் போய்ச் சேரும்" என்று சொல்லி, சோம்பல் முறித்துக்கொண்டு, நிதானமாக ஒரு கொட்டாவி விட்டான்.

"சபையில் இப்படியோர் அவமரியா..." என்று எழுந்த அனந்தகீர்த்தியின் வாய் அந்தச் சொல்லிலேயே திறந்து நின்றுவிட்டது. கண்ணில் நீர் வர ஒரு கொட்டாவி விட்டார். பக்கத்தில் இருந்த புலவர் சால்வையால் வாயை மூடினார். தளபதியின் மீசை மேலே போய்க் கீழே வந்தது. அத்தனையையும் பார்த்துக்கொண்டிருந்த அரசர் பல்லைக் கடித்தார், உதட்டை மடித்தார், மூக்கு விடைத்தது. கடைசியில் தாங்க முடியாமல், அரச குலத்துக்கே உரிய ஒரு பெரிய கொட்டாவி விட்டார்.

உடனே சபை முழுதும் சொடுக்கியது.

"உரியவர் கிடைத்துவிட்டார். சபையே சாட்சி" என்று கும்பிட்டான் செவந்தியப்பன். "நேற்றும் மயில் பாதி வழி போனபோது இதே சத்தம் கேட்டதே, நினைவிருக்கிறதா அரசே?"

அரசர் முகம் மாறியது. "அது என் பாட்டுக்குப் போட்ட தாளமல்லவா? அனந்தகீர்த்தி, நேற்று நீர் சொடுக்கியது தாளத்துக்கா, கொட்டாவிக்கா?"

அனந்தகீர்த்தி பக்கத்தில் இருந்த புலவரைப் பார்த்தார். புலவர் தளபதியைப் பார்த்தார். தளபதி அடுத்தவரைப் பார்த்தார். வரிசைக் கடைசியில் இருந்தவருக்குப் பார்க்க வெறும் சுவர்தான் இருந்தது. அவர் அதைப் பார்த்தார்.

"எவர் மனத்தில் எவருடைய எண்ணம் இருக்கிறது என்று பிரிப்பது கடினம் அரசே" என்றான் செவந்தியப்பன். "இந்தச் சபையில் தலையாட்டலும் கொட்டாவி மாதிரிதான் பரவுகிறது. தண்டனை மட்டும் கடைசியில் நிற்பவனுக்குப் போய்ச் சேர்கிறது."

அரசர் திரும்பி, "மாடக்கண்ணு, நீ எங்கும் போக வேண்டாம். சாமரத்தைக் கீழே வை. கண்ணை மூடிக்கொள். யார் முகத்தையும் பார்க்காமல் சொல், என் பாட்டு எப்படி?" என்றார்.

மாடக்கண்ணு கண்ணை இறுக மூடிக்கொண்டான். "நடுவுல நீளம் சாஸ்தி மகாராசா. ஆனா அந்த மயிலு மொத மழைத்துளியைத் தலையை ஆட்டி உதறாம அப்படியே வெச்சுக்கிட்டு நின்னுச்சுன்னு சொன்னீங்களே, அது என் மனசை விட்டுப் போகல."

எத்தனையோ ஆஹாக்களைக் கேட்டவர் அரசர். இப்படி ஒன்றை அதுவரை கேட்டதில்லை. சந்தோஷம் தாங்காமல் விரலில் இருந்த மோதிரத்தைக் கழற்றி மாடக்கண்ணுவுக்குப் போட்டார். தோளில் இருந்த பட்டுச் சால்வையைச் செவந்தியப்பனுக்குப் போர்த்தினார்.

"அதெல்லாம் சரி. நினைத்தவுடன் உனக்கு மட்டும் எப்படியப்பா கொட்டாவி வந்தது?" என்று கேட்டார்.

"தங்கள் பாட்டின் நடுப்பகுதியை மனத்துக்குள் சொல்லிப் பார்த்தேன் அரசே."

அரசர் விழுந்து விழுந்து சிரித்தார். சபையோர் சிரிக்கலாமா கூடாதா என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

இதைப் படிக்கும்போது உங்களுக்கும் ஒரு கொட்டாவி வந்திருந்தால் நான் வருத்தப்பட மாட்டேன். அது உங்களுடையது அல்ல, அந்த அரசருடையது. உரியவர் போய்ச் சேர்ந்துவிட்டார், கொட்டாவி மட்டும் இன்னும் முகம் முகமாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது.