மை பூசாத ஏடு

முன்பு ஒரு காலத்தில், மேகங்கள் யாரையும் கேட்காமல் வீட்டுக்குள் வந்து போகும் மஞ்சுமலை நாட்டை முகிலரசன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். அவனுக்கு மேகம் என்றால் கொள்ளைப் பிரியம். சபைக்குள் ஒன்று நுழைந்தால் போதும், பாதி வழக்கில் கண்ணை மூடி உட்கார்ந்துவிடுவான். அது மறு ஜன்னல் வழியாக வெளியேறும்வரை ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாமல், நனைந்த மீசையோடு எல்லாரும் காத்திருக்க வேண்டும். என்ன செய்வது, ராஜாவாயிற்றே.

அப்படி ஒரு காலையில் கலைக்கழக மாணவர்கள் நாற்பது பேர் மலையேறி வந்தார்கள். முன்னால் நின்றவள் வெண்ணி. தேர்வில் தோற்றதாகச் சொல்லப்பட்ட அவர்கள், விடை ஏடுகளை மறுபடி திருத்தச் சொல்லி ஓராண்டாக நடையாய் நடக்கிறார்களாம். கலைக்கழகத் தலைவர் பரஞ்சோதிப் பண்டிதர் ‘நாளை வா’ என்பதைத் தவிர வேறு பதில் சொன்னதில்லையாம். வெண்ணிக்கு அவள் ஊர் ஏரியில் மதகு காக்கும் வேலை காத்திருந்தது. இன்னும் இரண்டு நாளில் தேர்ச்சி ஓலை காட்டாவிட்டால் அது வேறு ஆளுக்குப் போய்விடும்.

பண்டிதர் சும்மா இருப்பாரா? ஏட்டுக் கட்டுகளை வண்டியில் ஏற்றிக்கொண்டே வந்திருந்தார். ஒவ்வொன்றையும் மும்முறை படித்தாயிற்று, மதிப்பெண் மாறவில்லை, அறிவிக்க நல்ல நாள்தான் அமையவில்லை என்று அளந்தார். ராஜா தலையாட்டிய நேரம் பார்த்து ஒரு மேகம் உள்ளே வந்தது.

“தத்தா, இந்த மேகம் வெளியே போவதற்குள் வழக்கை முடி. இல்லையென்றால் பிள்ளைகள் வெறுங்கையோடு ஊர் போய்ச் சேரட்டும்” என்று மந்திரியிடம் சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான் ராஜா.

தத்தன்மேல் பண்டிதருக்கு நெடுநாள் புகைச்சல். இன்று இவன் தொலைந்தான் என்று தாடிக்குள் சிரித்துக்கொண்டார். தத்தனோ நிதானமாகக் கட்டைப் பிரித்து, வெண்ணியின் ஏட்டை எடுத்து அவர் கையில் பணிவோடு கொடுத்தான்.

“மும்முறை படித்தவர் வாயால் இந்தப் பெண் செய்த பிழையைக் கேட்க வேண்டும், பண்டிதரே. கொஞ்சம் வாசியுங்கள்.”

பண்டிதர் ஏட்டை மூக்கருகே கொண்டுபோனார். தள்ளிப் பிடித்தார். திருப்பினார்.

“மேகம் மறைக்கிறது” என்றார்.

“மேகமா?” என்ற தத்தன் குத்துவிளக்கின் கரியை விரலில் வழித்து, எண்ணெய் தொட்டு, ஏட்டில் தேய்த்துத் துடைத்தான். எழுத்தாணி கீறிய பள்ளங்களில் கறுப்பு தங்கியது. வெற்று ஓலையாக இருந்ததிலிருந்து வரிவரியாக எழுத்துகள், தூக்கம் கலைந்து எழுவதுபோல எழுந்தன.

“மன்னா, கீறிய ஓலையில் மை பூசினால்தான் படிக்க வரும். இதில் மையே பட்டதில்லை. மறுபடி திருத்துவது இருக்கட்டும், முதல் தடவையே இதை யாரும் படிக்கவில்லை.”

மேகம் இன்னும் மறு ஜன்னலை எட்டவில்லை. ராஜா கண்ணைத் திறந்து தானே ஏட்டை வாங்கினான். ‘மேகம் எப்போது மழையாகும்?’ என்பது அவனே ஆசையோடு தேர்வுக்குக் கொடுத்தனுப்பிய கேள்வி. ‘மலையில் ஏறிக் குளிரும்போது. மன்னர் ஆணையெல்லாம் அதற்குத் தெரியாது’ என்று எழுதியிருந்தாள் வெண்ணி. ராஜா வாய்விட்டுச் சிரித்தான். அங்கேயே தேர்ச்சி ஓலையில் முத்திரை குத்தி அவளை அனுப்பினான். தன் கைக் கங்கணத்தைக் கழற்றித் தத்தனுக்கு மாட்டினான்.

மற்றக் கட்டுகளிலும் ஓர் ஏட்டில்கூட மை இல்லை. எழுதியவரை எதிரே உட்காரவைத்து, பண்டிதரே தம் கையால் மை பூசி, ஒவ்வொன்றையும் உரக்கப் படிக்க வேண்டும் என்று ராஜா தீர்ப்புச் சொன்னான். முதல் நாள் அவர் வேண்டாவெறுப்பாகப் படித்தார். இரண்டாம் நாள் குரல் இறங்கியது. மூன்றாம் நாள் ஓர் ஏட்டின் நடுவில் நிறுத்தி, கறுத்த விரலாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டு, எதிரே இருந்த பிள்ளையிடம் கேட்டார்:

“உன் பேர் என்னப்பா?”