பன்னி மேல போட்ட பழி

பனி கொட்டுற மலைமேல ஒரு ஊரு இருந்துச்சாம், அந்த ஊர்ல அண்ணன் தம்பிக்கு வாக்கப்பட்ட ரெண்டு ஓரகத்திங்க இருந்தாங்களாம், மூத்தவ குருவாயி, இளையவ சடைச்சி. மார்கழி பொறந்தா கோலம் போட்டு, நடுவுல சாணி உருண்டை வச்சு அதுல பூ செருகணும். அந்த ஊர்க் குளிர்லயோ பரங்கிப்பூ கருகிப்போயிரும். சடைச்சி என்ன பண்ணா, பாறை இடுக்குலருந்து ஒரு செடி கொண்டாந்து நிழலாப் பாத்து வச்சா. யானைக்காது மாதிரி இலை, ஈரக்கையால தேச்சா பன்னிக்குட்டியாட்டம் கீச்சுன்னு கத்தும். சிரிக்காதீங்கடா, நெசந்தான். குளிர்ல ரோசாக் கலர்ல கொத்தாப் பூக்கும்.

ஊரே சடைச்சி வாசலைப் பாத்துச்சு, குருவாயிக்கு வயிறு எரிஞ்சுது. ஒரு துண்டு கொடுடின்னு கேட்டிருந்தா முடிஞ்சிருக்கும். மூத்தவ போயி இளையவகிட்ட கையேந்துறதான்னு வீம்பு. சடைச்சி தண்ணிக்குப் போன நேரம் பாத்து செடியைக் கிழங்கோட பிடுங்கிட்டு வந்து, தன் வீட்டுக் கோழிக்கூட்டுக்குப் பின்னால, மஞ்சக்கிழங்கு மாதிரி ஆழமாப் புதைச்சா. காலையில தண்ணி ஊத்துனா, மத்தியானம் ஊத்துனா, சாயங்காலமும் ஊத்துனா.

சடைச்சி அழுதுகிட்டே வந்து, "அக்கா, செடியைக் காணோமே, பாத்தீங்களா?"ன்னா.

"பன்னி தோண்டியிருக்கும்"னுட்டா குருவாயி. சொன்னதோட விட்டாளா, கூடவே போயித் தேடுற மாதிரி நடிச்சா. ஊர்க்காரங்க அதை நம்பி, அந்த ஊரு மொக்கையன் வளத்த பன்னியைப் பிடிச்சுக் கட்டிப் போட்டாங்க. அது பசியில கத்துச்சு. கத்துறப்பல்லாம் குருவாயிக்குச் சோறு எறங்கல, ஆனா வாயைத் தொறந்து உண்மையைச் சொன்னாளா? சொல்லல.

ஒருநா பன்னி கயித்தை அத்துக்கிட்டு ஓடுச்சு. நேரா கோழிக்கூட்டுக்குப் பின்னால போயி, அழுகுன வாடையைப் பிடிச்சு மூக்கால தோண்டி, அந்தக் கிழங்கைக் கவ்வி நடுத்தெருவுல கொண்டாந்து போட்டுச்சு. அத்தனை சனமும் பாத்துச்சு. குருவாயி முந்தானையால மூஞ்சியை மூடிக்கிட்டா.

சடைச்சி ஒரு வார்த்தை ஏசல. அழுகுனதை அரிஞ்சு தள்ளிட்டு, மிச்சம் இருந்த கட்டைவிரல் அளவு துண்டைக் குருவாயி கையில வச்சா.

"இதை ஆழமாப் புதைக்கக் கூடாதுக்கா, பாதி மேல தெரியணும். தண்ணியும் அளவாத்தான். கேட்டிருந்தா நானே பிச்சுக் குடுத்திருப்பேனே."

அதுக்கு அவ ரெண்டு அடி அடிச்சிருந்தாக்கூடத் தேவலன்னு இருந்துச்சு குருவாயிக்கு.

தெனமும் பன்னிக்குக் கஞ்சி ஊத்தணும்னு ஊரு சொல்லுச்சு, அவளும் ஊத்துனா. சடைச்சி சொன்னபடி நட்ட செடியும் தழைச்சுது, மறுமார்கழி பூத்துச்சு, மொதப் பூவைக் குருவாயி கொண்டுபோயி சடைச்சி வாசல்லதான் வச்சா. ஆனா பாருங்க, இலையில தூசி தொடைக்கணுமே, தொடைக்கும்போதெல்லாம் கீச்சுங்கும். கட்டிப் போட்ட பன்னி கத்துன அதே சத்தம். கெழவியானப்புறமும் அவளுக்குத் தலை குனிஞ்சுதான் போகும்.

கதை பனியோட போச்சு, கேட்ட புள்ளைங்க கண்ணை மூடுங்க.