கருப்பியின் குரல் போன கதை

அந்தக் காலத்தில் தாளில் வரைந்த பூனையும் பேசும், இசைத்தட்டில் சுற்றும் பாட்டும் பேசும். பேசினால் சும்மா இருக்குமா, சண்டையும் போடும்.

ஓவியர் சிங்காரவேலு கருப்பி என்று ஒரு பூனையை வரைந்தார். கை தூக்க ஒரு தாள், இறக்க ஒரு தாள் என்று ஆயிரம் தாள் வரைந்து, படம் பிடித்து, அவளைக் கொட்டகைத் திரையில் ஆடவிட்டார். ஆட்டத்துக்கு, ஊரே முணுமுணுத்த ஒரு பாட்டை இசைத்தட்டில் போட்டார். சனம் வாய் பிளந்து பார்த்தது. ஆனால் வெளியே போகும்போது எல்லார் வாயிலும் பாட்டுதான். பூனையைப் பற்றி ஒரு பேச்சில்லை.

கருப்பிக்கு வயிறு எரிந்தது. "இடுப்பொடிய ஆடுறது நான். பேரு உனக்கா?"

"நீ வர்றதுக்கு முன்னாலேயே என்னைத் தெரியும்டி அவங்களுக்கு," என்றது பாட்டு. "என் தயவிலதான் உன்னையும் பார்க்கிறாங்க."

"யார் தயவில யாருன்னு நாளைக்குப் பார்ப்போம்."

மறுநாள், பல்லவி முடிந்து சனமும் சேர்ந்து பாட வாயெடுத்த நேரம், கருப்பி அடிவயிற்றிலிருந்து கத்தினாள் பாருங்கள், ஒரே ஒரு மியாவ். கொட்டகைக் கம்பமே ஆடியது. இசைத்தட்டின் முள் எகிறிப் பாட்டு நின்றது. ஆனால் தாளில் வரைந்த தொண்டை எவ்வளவு தாங்கும்? அதுவும் கிழிந்தது.

பாட்டில்லாமல் அவள் ஆடியது, சுடுமணலில் கால் வைத்தவள் துள்ளுகிற மாதிரி இருந்தது.

"எந்திரிங்கப்பா, போவோம்," என்று சனம் துண்டை உதறியது.

இவர்கள் போய்விட்டால் அவளை இனி யார் பார்ப்பார்கள்? கூப்பிட வாயைத் திறந்தாள். காற்றுதான் வந்தது. பதறி ஓடித் திரையின் ஓரத்தில் முட்டி விழுந்தாள்.

முந்தின ஊமைப் படத்துக்கு டோலக் வாசித்த மஸ்தான் பாய் திரைக்கு முன்னாலேயே உட்கார்ந்திருந்தார். அவருக்குப் பாவமாக இருந்தது. அவள் எழுந்து மறுபடி முட்டியபோது டமார் என்று ஓர் அடி போட்டார். சனம் சிரித்தது. துண்டை விரித்து மறுபடி உட்கார்ந்தது. கருப்பி விழுந்து விழுந்து காட்டினாள். பாய் அடித்துக்கொண்டே இருந்தார்.

படம் முடிந்து போகிறவர்கள் பேச்சுக்குக் காது கொடுத்தாள்.

"பாய் போட்டாரு பாரு ஒரு அடி. நெஞ்சுக்குள்ளே இறங்கிருச்சு."

அன்று முதல்தான் பொம்மைப் படத்துப் பூனை எந்தச் சுவரில் மோதினாலும் அதன் வாயிலிருந்து மியாவ் வருவதில்லை, மேளம்தான் டமார் என்கிறது. விழுந்த பூனையும் எழுந்த கையோடு நம் பக்கம் திரும்பி, இவர்கள் யாருக்காகச் சிரிக்கிறார்கள் என்று ஒரு கணம் முறைத்துப் பார்க்கிறது.